வாயைக் காட்டிச் சொல்லுங்க

என் வயதுக்காரர்களே, முதலில் ஒன்றை ஒத்துக்கொள்வோம். நமக்கெல்லாம் காது மந்தமாகிவிட்டது. காலையில் நடந்து முடித்துப் பூங்கா பெஞ்சில் உட்கார்ந்தால், பேச்சைவிட "ஆங்?" என்ற சத்தம்தான் அதிகம் கேட்கிறது. பேரப்பிள்ளை போனைப் பார்த்துக்கொண்டே எதையோ முனகுகிறது. நாம் "சரிப்பா, சரிப்பா" என்று தலையாட்டுகிறோம். எதற்குத் தலையாட்டினோம் என்று நமக்கும் தெரியாது, அதற்கும் தெரியாது. உங்களில் யார் யார் கேட்காமலே தலையாட்டுகிறீர்கள் என்று எனக்கு நன்றாகத் தெரியும். அதை என்னிடம் மறைக்க முடியாது. சின்ன வயதிலேயே அதைப் பார்த்துப் பழகியவள் நான்.

என் குரலை நீங்கள் கேட்டிருப்பீர்கள். கோயமுத்தூர் பஸ் ஸ்டாண்டில் ஒலிபெருக்கியில் அவிநாசி, திருப்பூர், சத்தியமங்கலம் என்று பல வருடம் சொல்லிக்கொண்டிருந்தவள் நான்தான். என் சத்தத்தைக் கேட்டு, பாதி டீயை வைத்துவிட்டு ஓடிப்போய் பஸ் ஏறியவர்கள் உங்களிலும் இருப்பீர்கள். ஒரு எழுத்து பிசகாமல் கணீரென்று சொல்வேன் என்று எல்லோரும் பாராட்டுவார்கள். அதில் எனக்குக் கர்வம்தான், இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் ஒன்றாம் வகுப்பில் சேர்ந்த வருடம், ஆனி ஆடிக் காற்று அடிக்கும் காலத்தில், என்னை ஊமை என்று முடிவுகட்டினார்கள். வாய் பேசாத பிள்ளைகள் தங்கிப் படிக்கும் பள்ளிக்கு என்னை அனுப்பப் பார்த்தார்கள். அந்தக் கதையைத்தான் இப்போது சொல்லப்போகிறேன்.

எங்கள் வீடு கருமத்தம்பட்டிப் பக்கம். வீடு என்றால் தறி குடோனோடு ஒட்டிய லைன் வீடு, ஒரே ஒரு அறை. அம்மாவும் அப்பாவும் அந்தக் குடோனில் விசைத்தறி ஓட்டினார்கள். என்னைப் பார்த்துக்கொள்ள வேறு ஆள் கிடையாது. அதனால் கைக்குழந்தையாக இருந்தபோதே குடோன் மூலையில், நூல் மூட்டைகளுக்குப் பக்கத்தில் தொட்டில் கட்டிப் போட்டுவிட்டார்கள். பஞ்சுத் தூசி என் இமையில் படிந்திருக்குமாம். தறி நின்றால் அழுவேனாம், ஓடினால் தூங்கிவிடுவேனாம்.

விசைத்தறிகள் வரிசையாக ஓடும் இடத்தில் நின்றிருக்கிறீர்களா? ஊடை நூலைச் சுமக்கும் நாடா இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் பாய்ந்து அடிக்கும்போது தரையே அதிரும். பக்கத்தில் நிற்பவர் தொண்டை கிழியக் கத்தினாலும் காதில் விழாது. அதனால் அங்கே யாரும் கத்தமாட்டார்கள். குரலே போடாமல், வாயை மட்டும் நன்றாகத் திறந்து மூடி, உதட்டாலும் பல்லாலும் நாக்கு நுனியாலும் பேசிக்கொள்வார்கள். நாலு தறி தாண்டி நிற்பவர் அதைப் படித்துவிட்டுப் பதில் சொல்வார். சண்டையும் அப்படித்தான் நடக்கும். ஒரு சொட்டுச் சத்தமில்லாமல் வண்டி வண்டியாகத் திட்டிக்கொள்வதை நான் பார்த்திருக்கிறேன்.

ஆகவே எனக்கு ஒரு சட்டம் இருந்தது. தறி ஓடும்போது வாய், தறி நின்றால் குரல். கரண்ட் போனாலோ வார லீவு வந்தாலோ தொண்டையைத் திறப்பேன். மற்ற நேரத்தில் குரல் என்பது கோழி விரட்டத்தான்.

எல்லா எழுத்தும் உதட்டில் தெரியாது. நீங்களே கண்ணாடி முன்னால் நின்று "காக்கா" என்று சொல்லிப் பாருங்கள். சும்மா இரண்டு முறை வாய் பிளந்த மாதிரி இருக்கும். அந்த 'கா' தொண்டைக்குப் பக்கத்தில், அடிநாக்கில் பிறக்கிறது, வெளியே முகம் காட்டாது. "ஓ" என்றால் உதடு குவியும், யாருக்கும் தெரியும். "டீ" என்றால் பல் தெரிய ஒரு சிரிப்பு, அவ்வளவுதான். அப்பா தூரத்திலிருந்து டீ கேட்பார். அம்மா அவர் தன்னைப் பார்த்துச் சிரிக்கிறார் என்று நினைத்து வெட்கப்பட்டுத் திரும்பிக்கொள்வாள். டீ வராது. கடைசியில் அப்பா கையால் டம்ளர் பிடிக்கிற மாதிரி காட்ட ஆரம்பித்தார்.

பெரிய தொல்லை ஒன்று இருந்தது. "அப்பா" என்றாலும் "அம்மா" என்றாலும் உதடு ஒரே மாதிரிதான் மூடித் திறக்கும். வித்தியாசமெல்லாம் உள்ளே நடக்கிறது. ஒன்றில் மூச்சை வாய்க்குள் அடைத்து வெடிக்கவிடுகிறோம், இன்னொன்றில் மூக்கு வழியாக முரல விடுகிறோம். அதை வெளியிலிருந்து யார் பார்ப்பது? நான் குடோன் வாசலில் நின்று "அம்மா" என்று வாயசைத்தால் இரண்டு பேரும் திரும்புவார்கள். அப்பாவுக்கு மட்டும் என்றால் மேலுதட்டில் விரலை வைத்து மீசை தடவிக் காட்டிவிட்டுக் கூப்பிடுவேன். மீசை இல்லாவிட்டால் அம்மா. இப்படித்தான் எனக்கு இரண்டு பேரும் தனித்தனி ஆனார்கள்.

அம்மாவுக்கு ஊரில் நல்ல பெயர். கரண்ட் போனால் மற்றப் பெண்கள் வாசலில் உட்கார்ந்து தொண்டை வலிக்கும்வரை ஊர்க்கதை பேசுவார்கள். அம்மா குடத்தை எடுத்துக்கொண்டு தண்ணீருக்குப் போய்விடுவாள். யார் என்ன சொன்னாலும் "சரிங்க", "ஆகட்டுங்க" என்பாள். தறி ஓனர் மற்றவர்களைத் திட்டும்போது அம்மாவைத்தான் கைகாட்டுவார். "அந்தப் புள்ளையாட்ட அடக்கமா இருக்கோணும். ஒரு வார்த்தை எதுத்துப் பேசியிருக்குமா?" ஒருநாள் பக்கத்து வீட்டு அக்கா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டே, "ஏனுங்க, உங்கூட்டுல சீரகம் இருக்குதுங்களா?" என்று கேட்டார். அம்மா சிரித்த முகத்தோடு "ஆகட்டுங்க" என்றாள். அக்கா நெடுநேரம் நின்று பார்த்துவிட்டு, வெகுளி என்று சொல்லிக்கொண்டு போனார். அம்மா தறி ஓட்டும்போது இடது உள்ளங்கையைத் தறிக் கட்டையில் அழுத்தி வைத்திருப்பாள். மற்றவர்கள் தறியின் சத்தம் மாறினால் ஓடுவார்கள். அம்மா சத்தம் மாறுவதற்கு முன்பே நிறுத்திவிடுவாள். கைராசி என்றார்கள்.

பள்ளிக்கூடம் வருவோம். எங்கள் வகுப்புச் சுவருக்குப் பின்னால் இன்னொரு தறி குடோன் ஓடிக்கொண்டிருந்தது. மேலே ஆஸ்பெஸ்டாஸ் கூரை, அதில் ஆடிச் சாரல். உள்ளே அத்தனை பிள்ளைகளின் கூச்சல். என் சட்டப்படி அது தறி ஓடும் நேரம். டீச்சர் பெயரைக் கேட்டார். நான் பளிச்சென்று, நன்றாக வாயைத் திறந்து, குரல் போடாமல் சொன்னேன்.

"சத்தமா சொல்லும்மா" என்றார் டீச்சர்.

எங்கள் குடோனில் "சத்தமாச் சொல்லு" என்றால் வாயை இன்னும் பெரிதாகத் திற என்று அர்த்தம். திறந்தேன்.

"இன்னும் சத்தமா."

இன்னும் திறந்தேன். உள்நாக்கே தெரிந்திருக்கும். வகுப்பே சிரித்தது. நானும் குரல் விட்டுச் சிரித்தேன். டீச்சர் மட்டும் சிரிக்கவில்லை. என் பக்கத்தில் வந்து குனிந்து, தலையை வருடிக் கொடுத்தார்.

அவர் தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து மாற்றலாகி வந்தவர். நல்லவர். விசைத்தறியைக் கண்ணால் பார்த்ததில்லை, அதுதான் அவரிடம் இருந்த ஒரே குறை. அப்பாவை வரச்சொன்னார். அப்பா தலையில் பஞ்சோடு வந்து நின்றார்.

"உங்க பொண்ணு பேசமாட்டேங்குதுங்க."

"பேசாதுங்களா?" அப்பாவுக்கு ஆச்சரியம். "வாயே ஓயாதுங்களே டீச்சர்! நேத்துக்கூட, செத்த நேரம் வாயை மூடு தாயின்னு நாந்தானுங்க அதட்டுனேன்."

"இங்க ஒரு சத்தமும் வரலை."

"சத்தம் எதுக்குங்க? சொல்றதெல்லாம் நல்லாச் சொல்லுமுங்களே."

அப்பா போனதும் டீச்சர் பக்கத்து வகுப்பு டீச்சரிடம், "பாவம், பெத்த மனசு. ஒத்துக்க முடியலை" என்றார். நான் பக்கத்தில்தான் நின்றேன். ஊமைக்குக் காதும் கேட்காது என்று அவர் நினைத்திருக்கவேண்டும்.

அன்றிலிருந்து மதியம் சாப்பிட்டபின் என்னைத் தனியாக உட்காரவைத்துப் பேச்சுப் பழக்கினார். அவர் கைப்பையில் தகர மூடி போட்ட வட்டக் கண்ணாடி ஒன்று இருந்தது. பவுடர் வாசம் வீசும். அதை என் முகத்துக்கு நேராகப் பிடித்து, என் வாயை எனக்கே காட்டினார். அவ்வளவு அழகான கண்ணாடியை அதற்குப் பிறகு நான் எங்கேயும் பார்க்கவில்லை. பேப்பர் துண்டை வாய்க்கு முன்னால் பிடித்து "ப" சொன்னார், பேப்பர் ஆடியது. என் விரலை எடுத்துத் தன் தொண்டையில் வைத்து "ம்ம்ம்" என்றார். உள்ளே வண்டு மாதிரி ஒன்று சுற்றியது. "இப்ப நீ" என்று என் தொண்டையில் கை வைத்தார். பின்னால் தறி ஓடிக்கொண்டிருந்ததால் நான் உதட்டை மட்டும் அழகாக மூடிக் காட்டினேன். டீச்சர் கையை எடுத்துக்கொண்டு பெருமூச்சு விட்டார்.

ஒருநாள் வீட்டுப் படம் காட்டினார். நான் உதட்டைக் குவித்தேன்.

"ஊடு இல்லைம்மா, வீடு. மேல் பல்லு கீழ் உதட்டுல படணும். பாரு, வீ... வீடு."

கவனித்தீர்களா? நான் குரலே போடவில்லை. ஆனாலும் நான் சொன்னது ஊடு என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. எனக்குப் பேச்சு சொல்லிக்கொடுக்க வந்தவர் தனக்கே தெரியாமல் என் உதட்டைப் படிக்கப் பழகியிருந்தார். அதை அவரும் கவனிக்கவில்லை.

பல்லை உதட்டில் பதித்து 'வீடு' சொல்வது எனக்குப் பிடித்துப்போயிற்று. அடுத்த வார லீவில், தறிகளெல்லாம் நின்று ஊரே நிசப்தமாக இருந்தபோது, தண்ணீர்க் குழாயடியில் அம்மாவிடம் போய்க் குரல் விட்டே சொன்னேன். "அம்மா, வீட்டுக்குப் போலாம்."

அம்மா என் உதட்டைக் குழப்பத்தோடு பார்த்தாள்.

"பீடிக்கா? அப்பன் பீடி வாங்கியாரச் சொன்னாராக்கும்?"

குழாயடியில் இருந்த பெண்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அம்மா தமாஷ் பண்ணுகிறாள் என்று நினைத்தார்கள். "ஊட்டுக்குப் போலாம்" என்று நான் உதட்டைக் குவித்துச் சொன்னதும்தான் "அப்படிச் சொல்லு கண்ணு" என்று குடத்தை எடுத்தாள். அம்மா அவ்வளவு நாளும் எந்த வாயிலும் 'வீடு' என்ற வடிவத்தைப் பார்த்ததே இல்லை. நிசப்தமான இடத்தில் இத்தனை பேர் காதிலும் விழுந்த வார்த்தையை அவள் மட்டும் ஏன் உதட்டில் தேடினாள் என்று ஒருவரும் யோசிக்கவில்லை.

ஆடி முடியப்போகும் நேரத்தில் டீச்சர் எங்களைக் கோயமுத்தூரில் ஒரு காது டாக்டரிடம் அழைத்துப்போனார். இரண்டு பேருடைய தறியையும் பார்த்துக்கொள்ள அப்பா நின்றுவிட்டார். அம்மா கல்யாணப் புடவையைக் கட்டிக்கொண்டு வந்தாள்.

டாக்டர் அறையில் ஒரு ஃபேன் கடகடவென்று சுற்றியது. ஜன்னலுக்கு வெளியே பஸ்களும் லாரிகளும் உறுமின. பயத்தில் எனக்கு அது தறிச் சத்தமாகவே இருந்தது. டாக்டர் என் பின்னால் நின்று கை தட்டினார். திரும்பினேன். கவட்டை மாதிரி இருந்த இரும்பைத் தட்டிக் காதருகே பிடித்தார். அதன் ரீங்காரம் எனக்குப் பிடித்திருந்தது, சிரித்தேன். பெயர் கேட்டார். உதட்டால் சொன்னேன். ஊர் கேட்டார். உதட்டால் சொன்னேன். அம்மாவைப் பார்த்து, ஊட்டுக்குப் போலாம் என்றும் சொன்னேன். போலாம் கண்ணு என்று அம்மாவும் உதட்டால் சொன்னாள். டாக்டர் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார்.

"காது நல்லா இருக்குங்க டீச்சர். பேச்சுதான் வரலை. தாயும் சைகையிலயே பேசிப் பழக்கிட்டாங்க. ஊட்டுல இருந்தா இப்படியேதான் போயிரும்" என்றார். பிறகு எழுந்து மூலையில் இருந்த வாஷ்பேசினில் கை கழுவப் போனார். எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டே பேசினார்.

"ஹாஸ்டல் இருக்கிற ஸ்கூல் ஒண்ணு இருக்குதுங்கம்மா. பத்தாவது வரைக்கும் அங்கயே தங்கிப் படிக்கோணும். சேத்துரலாமுங்களா?"

"சரிங்க" என்றாள் அம்மா.

"பெரிய லீவுக்கு மட்டும்தான் ஊட்டுக்கு அனுப்புவாங்க."

"ஆகட்டுங்க."

"நான் இப்பவே பேசிர்றேன். இன்னைக்கே விட்டுட்டுப் போறீங்களா?"

"சரிங்க" என்றாள் அம்மா. டாக்டரின் முதுகைப் பார்த்து மரியாதையாகச் சிரித்தாள்.

டீச்சருக்கே தூக்கிவாரிப் போட்டது. "என்னம்மா இது, கொஞ்சம் யோசிச்சுச் சொல்லுங்க" என்றார். ஆனால் அவர் நின்றதும் அம்மாவுக்குப் பின்னால். அம்மா திரும்பவில்லை. அதே சிரிப்போடு நின்றுகொண்டிருந்தாள்.

அந்தச் சிரிப்பைத்தான் நான் பார்த்தேன். பிள்ளையை இன்றைக்கே விட்டுவிட்டுப் போகிறீர்களா என்று ஒருவர் கேட்கும்போது எந்த அம்மா இப்படிச் சிரிப்பாள்? சீரகம் கேட்டபோது சிரித்த அதே சிரிப்பு அது. எல்லா அம்மாக்களுக்கும் முகத்தைப் பார்த்துத்தான் சொல்லவேண்டும் என்று அதுவரை நினைத்திருந்தேன். பக்கத்து வீட்டு அக்கா முதுகைக் காட்டிக்கொண்டு பேசினாலும் மற்றவர்கள் பதில் சொல்வது அப்போதுதான் நினைவுக்கு வந்தது. என் முதுகில் அம்மாவின் இடது உள்ளங்கை இருந்தது, தறிக் கட்டையில் வைப்பது போல.

ஃபேன் சுற்றட்டும், பஸ் ஓடட்டும், நான் என் சட்டத்தை உடைத்தேன்.

"எங்கம்மாளுக்குக் கேக்கலீங்க! திரும்புங்க! வாயைக் காட்டிச் சொல்லுங்க!"

டாக்டர் கையிலிருந்து சோப்பு நழுவி விழுந்தது. டீச்சர் நாற்காலியைப் பிடித்துக்கொண்டார். அம்மா கையை வெடுக்கென்று எடுத்து, என் முதுகையும் தன் கையையும் மாறி மாறிப் பார்த்தாள்.

டாக்டர் ஈரக் கையோடு அம்மாவுக்கு எதிரே வந்து நின்றார். முதலில் ஒரு அட்டையால் வாயை மறைத்துக்கொண்டு என்னவோ கேட்டார். அம்மா, "சரிங்க" என்றாள். அவர் கேட்டது உங்கள் பெயர் என்ன என்று. டாக்டர் அட்டையை மெதுவாக இறக்கினார். நிறுத்தி நிறுத்தி, உதடு நன்றாகத் தெரியும்படி, "பிள்ளையை ஹாஸ்டல்ல விடச் சொன்னேனுங்க. நீங்க சரின்னீங்க" என்றார்.

அம்மா படித்துவிட்டாள். என்னை இழுத்துத் தன் புடவைக்குள் சேர்த்துக்கொண்டாள்.

"முடியாதுங்க! என்ற புள்ளைய நான் உடமாட்டேனுங்க! அது பேசுமுங்க. கேக்காதது எனக்குத்தானுங்க. சொன்னா எல்லாரும் செவிடிம்பாங்கன்னு மறைச்சுப்போட்டேனுங்க."

ஊரே அடக்கம் என்று கொண்டாடிய பெண் முதல்முறையாக ஒருவரை எதிர்த்துப் பேசினாள். அவ்வளவு பெரிய குரல் அவளுக்குள் இருந்தது எனக்கே தெரியாது. டீச்சர் அழுதுவிட்டார். பிறகு என் முகத்தைக் கையில் ஏந்தி, "இவ்வளவு கணீர்னு பேசற வாயை வச்சுக்கிட்டா இத்தனை நாள் என்னைப் படுத்தினே?" என்றார். அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது அவருக்கு. நான் அவருக்கு ரொம்பச் சத்தமாகவே பதில் சொன்னேன். "தறி ஓடுச்சுங்களே டீச்சர்!"

திரும்பி வரும்போது பஸ்ஸில் கூட்டம். முன் சீட்டில் டீச்சர், பின்னால் நானும் அம்மாவும். எஞ்சின் இரைச்சலில் மற்றவர்கள் கத்திக் கத்திப் பேசினார்கள். எங்களுக்குக் கத்த வேண்டிய அவசியம் இல்லை. உதட்டாலேயே பேசிக்கொண்டு வந்தோம். எப்போதிலிருந்து கேட்கவில்லை என்று கேட்டேன். நீ தொட்டில்ல இருக்கும்போதே கொஞ்சங் கொஞ்சமா என்றாள். அப்படியென்றால் என் குரல் எப்படி இருக்கும் என்று அம்மாவுக்குச் சரியாகத் தெரியாது. இது எனக்கு ஆறவே இல்லை.

"அங்க நான் கத்துனேனே, அது கேட்டுச்சா?"

"கேக்கல. கைக்குத் தெரிஞ்சுது. உன்ற முதுகு தறியாட்ட அதிருச்சு."

எனக்கு உடனே ஒரு யோசனை வந்தது. அம்மாவின் கையை எடுத்து என் தொண்டையில் வைத்துக்கொண்டேன். டீச்சர் எனக்குக் காட்டிய அதே இடம். கண்ணை மூடிக்கோ என்று உதட்டால் சொன்னேன். நான் உன்னையும் கூப்பிடுவேன், அப்பாவையும் கூப்பிடுவேன், எது யாருன்னு நீ சொல்லோணும். அம்மா சிரித்துக்கொண்டே கண்ணை மூடினாள். இப்போது அவளுக்கு என் உதடும் இல்லை, மீசையும் இல்லை. கை மட்டும்தான்.

குரல் விட்டு, "அப்பா" என்றேன்.

அம்மா புருவத்தைச் சுருக்கினாள். "அதிர்றது நடுவுல அறுந்துபோச்சு" என்றாள். "அறுந்து, மறுக்கா புடிச்சுது."

"அம்மா" என்றேன்.

அவள் விரல்கள் என் தொண்டையில் இன்னும் கொஞ்சம் அழுந்தின. "இன்னொருக்கா" என்றாள். சொன்னேன். மூடிய இமைக்கு அடியிலிருந்து தண்ணீர் இறங்கியது.

"இது அறுந்துபோகல கண்ணு. இது நானு."

பஸ் கருமத்தம்பட்டி வந்து சேரும்வரை நான் அதையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டு வந்தேன்.